அயர்லாந்து எழுத்தாளர்கள்: முதன்முறை வாசிப்பவருக்கு ஓர் அறிமுகம்

‘கலிவரின் பயணங்கள்’, ‘டிராகுலா’, ஆஸ்கார் வைல்டின் நகைச்சுவை நாடகங்கள், பெர்னார்ட் ஷாவின் ‘பிக்மேலியன்’ ஆகியவற்றை ஆங்கில இலக்கியம் என்ற ஒரே தலைப்பின்கீழ் படித்துத் தேர்வெழுதியவர்களில் பலருக்கு, அவற்றை எழுதிய நால்வரும் டப்ளினிலோ அதன் அருகிலோ பிறந்தவர்கள் என்பது தெரிந்திருக்காது. பாடநூல்கள் அவர்களை இங்கிலாந்தின் கணக்கில் வரவு வைத்துவிட்டன. அயர்லாந்து இலக்கியம் என்று தனியே ஒன்று உண்டா, உண்டென்றால் அதை எதைக் கொண்டு அடையாளம் காண்பது என்பதே இக்கட்டுரை விளக்க முயலும் செய்தி.

முதலில் ஒரு வேறுபாட்டைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். அயர்லாந்துக்கு ஐரிஷ் என்ற சொந்த மொழி உண்டு. ஐரோப்பாவில் லத்தீனுக்கும் கிரேக்கத்துக்கும் அடுத்தபடியாக மிகப் பழைய எழுத்து மரபுடைய மொழிகளில் அதுவும் ஒன்று. ஆனால் உலகம் இன்று அயர்லாந்து இலக்கியம் என்று கொண்டாடுவதில் பெரும்பகுதி அம்மொழியில் எழுதப்பட்டதன்று, ஆங்கிலத்தில் எழுதப்பட்டது. 16, 17ஆம் நூற்றாண்டுகளில் கத்தோலிக்கர்களின் நிலங்கள் பறிக்கப்பட்டு இங்கிலாந்திலிருந்தும் ஸ்காட்லாந்திலிருந்தும் வந்த புராட்டஸ்டன்ட் குடியேறிகளுக்குக் கொடுக்கப்பட்டன. அதன்பின் நிலமும் நீதிமன்றமும் பல்கலைக்கழகமும் ஆங்கிலம் பேசுபவர் கையில் இருக்க, ஐரிஷ் மொழி ஏழைக் குத்தகை விவசாயிகளின் மொழியாகச் சுருங்கியது. 1845இல் உருளைக்கிழங்குப் பயிரில் நோய் விழுந்து தொடங்கிய பெரும்பஞ்சம் அந்த ஏழைகளையே அதிகம் கொன்றது. சுமார் 10 லட்சம் பேர் இறந்தனர்; அதற்கும் குறையாத எண்ணிக்கையினர் கப்பலேறினர். 1841இல் 81 லட்சத்துக்கு மேல் இருந்த மக்கள்தொகை 1851இல் சுமார் 65 லட்சமாகக் குறைந்திருந்தது. பிழைத்தவர்கள் தம் பிள்ளைகளுக்கு ஆங்கிலம் கற்றுக்கொடுப்பதில் முனைந்தார்கள், ஏனெனில் அமெரிக்காவில் வேலைக்கு உதவக்கூடிய மொழி அதுதான்.

இந்தப் பின்னணியில் எழுத வந்த எவருக்கும், எங்கிருந்து எழுதுவது, எந்த மொழியில் எழுதுவது, யாரை நோக்கி எழுதுவது என்ற கேள்வி தீர்ந்துபோன கேள்வியாக இருந்ததில்லை. ஆங்கிலேய எழுத்தாளர் ஒருவர் தம் மொழியையும் வாசகரையும் பிறப்போடு பெற்றவராக எழுதத் தொடங்குகிறார். அயர்லாந்து எழுத்தாளர் முதலில் அந்த வழக்கைத் தமக்குள் பேசித் தீர்த்தாக வேண்டியிருந்தது. அந்த வழக்கே அயர்லாந்து எழுத்தின் அடையாளம் என்பது என் கருத்து. மதமோ பிறந்த ஊரோ மொழியோ தனித்து நின்று அந்த அடையாளத்தைத் தருவதில்லை.

ஜோனத்தன் ஸ்விஃப்டிலிருந்து தொடங்கலாம். 1667இல் டப்ளினில் ஆங்கிலேயப் பெற்றோருக்குப் பிறந்த அவர், இங்கிலாந்தில் பெரிய திருச்சபைப் பதவி கிடைக்கும் என்று காத்திருந்து ஏமாந்து, 1713இல் டப்ளினின் புனித பேட்ரிக் பேராலயத்தின் தலைமைக் குருவாக விருப்பமில்லாமலே திரும்பி வந்தார். வந்த இடத்தில் கண்ட வறுமையும் லண்டனின் அலட்சியமும் அவரை மாற்றின. அயர்லாந்துக்கான செப்புக்காசுகளை வார்க்கும் உரிமை 1722இல் வில்லியம் வுட் என்ற ஆங்கிலேயத் தொழிலதிபருக்கு அளிக்கப்பட்டபோது, ஸ்விஃப்ட் ஒரு சாதாரணத் துணிவியாபாரியின் பெயரில் அதை எதிர்த்துக் கடிதங்கள் எழுதி வெளியிட்டார். எழுதியவரைக் காட்டிக்கொடுப்பவருக்கு 300 பவுண்டு பரிசு என்று அரசு அறிவித்தது. எழுதியவர் யார் என்பது ஊரறிந்த ரகசியமாக இருந்தும் பரிசை வாங்க ஒருவரும் முன்வரவில்லை. 1725இல் காசுத்திட்டம் கைவிடப்பட்டது.

1729இல் அவர் வெளியிட்ட ‘ஓர் அடக்கமான முன்மொழிவு’ என்ற சிறு நூலைத் தொடக்க வாசகர் அவசியம் படிக்க வேண்டும். ஏழைகளின் குழந்தைகளை ஒரு வயதில் இறைச்சிக்கு விற்றுவிட்டால் நாட்டின் வறுமை தீரும் என்று அதில் ஒருவர் ஆலோசனை கூறுகிறார். பிறக்கும்போது 12 பவுண்டு எடையுள்ள குழந்தை ஒழுங்காகப் பாலூட்டினால் ஒரு வருடத்தில் 28 பவுண்டு ஆகும் என்றும், நண்பர்களுக்கு விருந்து வைத்தால் ஒரு குழந்தையில் இரண்டு பதார்த்தங்கள் தேறும் என்றும் அவர் நிதானமாகக் கணக்குப் போடுகிறார். விலை சற்று அதிகம்தான், ஆனால் பெற்றோரில் பெரும்பாலோரை ஏற்கெனவே விழுங்கிவிட்ட நிலக்கிழார்களுக்குப் பிள்ளைகள்மீதும் முதல் உரிமை உண்டல்லவா என்று அவர் போகிறபோக்கில் சொல்லும் இடத்தில்தான் நூலின் உண்மையான கோபம் வெளிப்படுகிறது. குரலை உயர்த்தாமல், எதிராளியின் பேச்சு நடையையே இரவல் வாங்கி அவனைக் குத்தும் இந்த உத்தி பின்னாளைய அயர்லாந்து எழுத்தாளர் பலரிடமும் தொடர்ந்து காணப்படுகிறது.

வைல்டும் ஷாவும் அந்த உத்தியை லண்டன் நாடக மேடைக்குக் கொண்டுசென்றவர்கள் எனலாம். வெளியிலிருந்து வந்தவர்கள் என்பதால் ஆங்கிலேய மேல்தட்டு வர்க்கத்தின் பேச்சை அவர்கள் ஒரு வேடமாகவே கேட்டார்கள். அதைக் கேட்ட வர்க்கமோ அரங்கில் அமர்ந்து சிரித்தது. வைல்டின் முடிவு கொடியது. 1895 பிப்ரவரியில் அவருடைய மிகச் சிறந்த நாடகம் அரங்கேறியது. அதே ஆண்டு மே மாதத்தில் தன்பால் உறவுக் குற்றத்துக்காக இரண்டாண்டுக் கடுங்காவல் விதிக்கப்பட்டது. 1900இல் பாரிசில் ஏழ்மையில் இறந்தபோது அவருக்கு 46 வயது. ஷா நீண்டு வாழ்ந்தார், 1925இல் நோபல் பரிசு பெற்றார், தாம் ஓர் அயர்லாந்துக்காரர் என்பதை ஆங்கிலேயர்களுக்கு நினைவூட்டுவதை இறுதிவரை நிறுத்தவில்லை.

19ஆம் நூற்றாண்டின் கடைசிப் பத்தாண்டில் காற்று திசைமாறியது. அழிந்துகொண்டிருந்த ஐரிஷ் மொழியை மீட்பதற்காக 1893இல் டக்ளஸ் ஹைட் முதலானோர் கேலிக் கழகத்தைத் தொடங்கினர். அதே காலத்தில் கவிஞர் டபிள்யூ. பி. யேட்ஸும் கால்வே மாவட்டத்தைச் சேர்ந்த லேடி கிரெகரியும், லண்டனை நோக்கிப் பார்க்காத ஓர் இலக்கியத்தை ஆங்கிலத்திலேயே உருவாக்கிவிட முடியும் என்று நம்பினர். இம்முயற்சியையே அயர்லாந்து இலக்கிய மறுமலர்ச்சி என்கிறார்கள். 1904 டிசம்பரில் டப்ளினில் திறக்கப்பட்ட ஆபி நாடக அரங்கு அதன் கோயில். யேட்ஸ் ஐரிஷ் மொழியைக் கற்றதே இல்லை. தம் தாயின் ஊரான ஸ்லைகோவில் கேட்ட நாட்டார் கதைகளே அவருக்குப் போதுமான வேராக இருந்தன. 1912இல் தாகூரின் ‘கீதாஞ்சலி’க்கு முன்னுரை எழுதியதும், மறு ஆண்டே தாகூரின் ‘அஞ்சல் நிலையம்’ நாடகம் ஆபியில் மேடையேறியதும், ஆங்கிலப் பேரரசின் கீழ் இருந்த இன்னொரு நாட்டின் எழுத்தில் அவர் கண்ட உறவின் அடையாளங்கள்.

அவருடைய கவிதைகளில் ஒன்றை மட்டும் இங்கே சுட்ட முடியும். 1916 ஈஸ்டர் வாரத்தில் டப்ளினில் வெடித்த கிளர்ச்சி ஒரே வாரத்தில் நசுக்கப்பட்டு, தலைவர்கள் சுட்டுக்கொல்லப்பட்டனர். அவர்களில் சிலர் கவிஞர்கள். யேட்ஸ் எழுதிய இரங்கற்பாவில் புகழ்ச்சியும் ஐயமும் பிரிக்க முடியாதபடி கலந்திருக்கின்றன. கொல்லப்பட்டவர்களில் ஜான் மக்பிரைடும் ஒருவர். யேட்ஸ் பல்லாண்டுகள் காதலித்தும் கைகூடாத மாட் கானை மணந்து துன்புறுத்தியவர் என்று யேட்ஸ் வெறுத்த மனிதர் அவர். அவரை வெற்றுப்பெருமை பேசும் குடிகாரர் என்று திட்டிவிட்டு, ஆயினும் அவர் பெயரையும் மற்றவர்களோடு பாட்டில் சேர்த்தே தீரவேண்டும் என்று கவிஞர் தம்மையே கட்டாயப்படுத்திக்கொள்கிறார். அரசியல் கவிதை எழுத நினைக்கும் எவரும் அந்த இடத்தில் நின்று யோசிக்கலாம்.

மறுமலர்ச்சியின் பெரிய நாடகாசிரியர் யேட்ஸ் அல்லர், ஜே. எம். சிங். பாரிசில் பிரெஞ்சு இலக்கியம் படித்துக்கொண்டிருந்த இந்த டப்ளின்காரரை, மேற்குக் கடற்கரைக்கு அப்பால் உள்ள ஆரன் தீவுகளுக்குப் போகும்படி தூண்டியவர் யேட்ஸ்தான். 1898 முதல் 1902 வரை ஆண்டுதோறும் சில வாரங்கள் அங்கே தங்கி ஐரிஷ் கற்று, மீனவக் குடும்பங்களின் பேச்சைக் குறித்துக்கொண்ட சிங், ஐரிஷ் வாக்கிய அமைப்பு உள்ளே ஓடும் ஒரு புதிய ஆங்கிலத்தைத் தம் நாடகங்களுக்கு உருவாக்கினார். ‘கடலுக்குச் செல்வோர்’ என்ற அவருடைய ஓரங்க நாடகத்தை அரை மணி நேரத்தில் படித்துவிடலாம். மௌர்யா என்ற கிழவியின் கணவனையும் மாமனாரையும் நான்கு மகன்களையும் கடல் கொண்டுபோய்விட்டது. ஐந்தாம் மகன் மைக்கேலைக் காணவில்லை. கடைசி மகன் குதிரை விற்கப் புறப்பட்டுக்கொண்டிருக்கிறான். தூர வடக்கில் கரையொதுங்கிய ஒரு பிணத்தின் சட்டையும் காலுறையும் மூட்டையாக வீட்டுக்கு வந்திருக்கின்றன. தாய் பார்த்துவிடாதபடி மகள்கள் அதை அவிழ்க்கிறார்கள். சட்டைத்துணி கடையில் யாருக்கும் கிடைப்பதுதான், அதை வைத்து எதையும் உறுதிசெய்ய முடியாது. இளையவள் காலுறையை எடுத்துப் பின்னல் கண்ணிகளை எண்ணுகிறாள். தான் பின்னிய மூன்றாம் ஜோடியில் இரண்டாவது இது, அறுபது கண்ணி போட்டு நான்கை விட்டுவிட்டேன் என்று அவளுக்கு நினைவிருக்கிறது. எண்ணிக்கை சரியாக இருக்கிறது. செத்தவன் தன் அண்ணன் என்பதை, தன் கை தவறவிட்ட நான்கு கண்ணிகளால் அவள் அறிந்துகொள்கிறாள்.

இதே சிங்கின் வேறொரு நாடகம் 1907இல் ஆபியில் கலவரத்தையே கிளப்பியது. தந்தையை மண்வெட்டியால் கொன்றுவிட்டதாகச் சொல்லிக்கொண்டு வரும் ஓர் இளைஞனை மேயோ மாவட்டக் கிராமம் ஒன்று வீரனாகக் கொண்டாடுவது அதன் கதை. தேசிய உணர்வில் கொதித்துக்கொண்டிருந்த பார்வையாளர்கள் தம் விவசாயிகளை இழிவுபடுத்திவிட்டார்கள் என்று கூச்சலிட, போலீசைக் கொண்டு காவல் போட்டு நாடகத்தைத் தொடர வேண்டியிருந்தது. மேற்குக் கரையின் குடியானவன்தான் உண்மையான அயர்லாந்துக்காரன், அவன் மாசற்றவன் என்ற கற்பனை எவ்வளவு வலுவாக வேரூன்றியிருந்தது என்பதை இதிலிருந்து தெரிந்துகொள்ளலாம்.

அந்தக் கற்பனையை ஏற்க மறுத்தவர் ஜேம்ஸ் ஜாய்ஸ். 1882இல் டப்ளினின் கத்தோலிக்க நடுத்தரக் குடும்பத்தில் பிறந்து, தந்தையின் குடியாலும் கடனாலும் வீடு மாறிக்கொண்டே வளர்ந்த அவருக்கு, நாட்டின் உண்மை கடற்கரைக் குடிசையில் அன்று, டப்ளின் தெருக்களில் இருந்தது. 1904 கோடையில் தங்க இடமின்றி நண்பர் வீடுகளில் அலைந்தபோது, சில இரவுகள் ஜேம்ஸ் கசின்ஸ், மார்கரெட் கசின்ஸ் என்ற சைவ உணவுக்காரத் தம்பதியர் வீட்டில் தங்கினார். மறுமலர்ச்சிக் கவிஞரான கசின்ஸும் மனைவியும் 1915இல் அன்னி பெசன்ட் அழைப்பில் சென்னைக்கு வந்து, இந்தியாவிலேயே வாழ்ந்து மறைந்தார்கள். 1917இல் அடையாறில் தொடங்கப்பட்ட இந்திய மாதர் சங்கத்தின் நிறுவனர்களில் ஒருவர் அந்த மார்கரெட்தான். ஜாய்ஸோ 1904 அக்டோபரிலேயே, கால்வேயைச் சேர்ந்த ஓட்டல் பணிப்பெண் நோரா பார்னக்கிளை அழைத்துக்கொண்டு ஐரோப்பாவுக்குப் புறப்பட்டார். ட்ரியஸ்ட், சூரிச், பாரிஸ் என்று வாழ்ந்து 1941இல் சூரிச்சில் இறந்தார். 1912க்குப் பிறகு அயர்லாந்தில் கால் வைக்கவில்லை. எழுதியதோ டப்ளினைப் பற்றி மட்டும்தான்.

அவருடைய முதல் சிறுகதைத் தொகுப்பான ‘டப்ளின்வாசிகள்’ பதிப்பாளர்களின் அச்சத்தால் பல ஆண்டுகள் முடங்கிக் கிடந்தது. 1912இல் டப்ளின் அச்சகத்தார் அச்சிட்ட தாள்களை அழித்தே விட்டார். இறுதியில் 1914இல் லண்டனில் வெளிவந்தது. அதன் கடைசிக் கதையான ‘இறந்தவர்கள்’, நான் மேலே சொன்ன வழக்கை ஒரே இரவு விருந்துக்குள் அடக்கிவிடுகிறது. கேப்ரியல் கான்ராய் என்ற ஆசிரியர் அத்தைகள் வீட்டு நடனத்துக்கு மனைவியோடு வருகிறார். உடன் ஆடும் மிஸ் ஐவர்ஸ், ஆங்கிலேயச் சார்பான பத்திரிகைக்கு நூல் மதிப்புரை எழுதுகிறாரே என்று அவரைக் கேலி செய்துவிட்டு, கோடையில் ஆரன் தீவுகளுக்கு வரும்படி அழைக்கிறாள். பிரான்சுக்கோ பெல்ஜியத்துக்கோ சைக்கிள் பயணம் போகப்போவதாக அவர் சொல்ல, சொந்த மொழியோடு தொடர்பு வேண்டாமா என்று கேட்கிறாள். ஐரிஷ் என் மொழி இல்லை என்கிறார் கேப்ரியல். மேலும் நெருக்கவே, இந்த நாடே எனக்கு அலுத்துவிட்டது என்று வெடிக்கிறார். ஏன் என்று அவள் திரும்பத் திரும்பக் கேட்டும் அவரிடம் பதில் இல்லை. விருந்து முடியும் நேரத்தில் யாரோ பாடும் ஒரு பழம்பாட்டைக் கேட்டு அவர் மனைவி கிரெட்டா படிக்கட்டில் அப்படியே நின்றுவிடுகிறாள். அந்தப் பாட்டைக் கால்வேயில் தனக்காகப் பாடிய, தன்னைக் காண நோயோடு மழையில் வந்து நின்று பதினேழு வயதில் இறந்துபோன ஒரு பையனைப் பற்றி ஓட்டல் அறையில் அவள் சொல்லி அழும்போது, கேப்ரியல் ஒதுக்கிய மேற்குக் கரை அவருடைய படுக்கையறைக்கே வந்துவிடுகிறது. மிஸ் ஐவர்ஸிடம் சிங்கின் அயர்லாந்தை மறுத்த ஜாய்ஸ், கிரெட்டாவிடம் அதற்குத் தலைவணங்கிவிடுகிறார் என்றே நான் இக்கதையைப் படிக்கிறேன்.

1922இல் நாட்டின் பெரும்பகுதி சுதந்திரம் பெற்றது. எழுத்தாளர்களுக்கு நல்ல காலம் பிறந்திருக்க வேண்டும், பிறக்கவில்லை. கத்தோலிக்கத் திருச்சபையின் செல்வாக்கு ஓங்கிய புதிய அரசு 1929இல் நூல் தணிக்கைச் சட்டம் கொண்டுவந்தது. கேட் ஓபிரையனின் ஒரு நாவல் ஒரே ஒரு வாக்கியத்துக்காகத் தடைசெய்யப்பட்டது. கிளேர் மாவட்டத்துக் கிராமத்திலிருந்து லண்டனுக்குச் சென்ற எட்னா ஓபிரையன், கன்னிமாடப் பள்ளியிலிருந்து வெளியேறும் இரண்டு பெண்களின் ஆசைகளை எழுதிய ‘நாட்டுப்புறப் பெண்கள்’ 1960இல் வெளிவந்ததும் தடைக்குள்ளானது. தம் தாய் வைத்திருந்த பிரதியில் தகாத சொற்கள் மையால் அடிக்கப்பட்டிருந்ததாக எட்னா பின்னாளில் கூறியிருக்கிறார். ஜான் மக்கஹர்ன் 1965இல் தம் நாவல் தடைசெய்யப்பட்டதோடு பள்ளி ஆசிரியர் வேலையையும் இழந்தார். அந்நிய ஆட்சி போன பிறகும் எழுத்தாளர்கள் கப்பலேறிக்கொண்டே இருந்ததற்கு இதுவே காரணம்.

சாமுவேல் பெக்கெட் இன்னும் ஒரு படி மேலே போய், மொழியையே மாற்றிக்கொண்டார். 1906இல் டப்ளின் புறநகரின் வசதியான புராட்டஸ்டன்ட் குடும்பத்தில் பிறந்த அவர், பாரிசில் ஜாய்ஸுக்கு நெருக்கமானவராக இருந்தார். ஜெர்மானிய ஆக்கிரமிப்பின்போது பிரெஞ்சு எதிர்ப்பியக்கத்தில் பணியாற்றி, குழு காட்டிக்கொடுக்கப்பட்டதும் தென்பிரான்சின் கிராமம் ஒன்றில் ஒளிந்து வாழ்ந்தார். போருக்குப் பின் முக்கிய நூல்களைப் பிரெஞ்சில் எழுதி, பின்னர் தாமே ஆங்கிலமாக்கினார். எல்லாச் சொல்வளத்தையும் ஜாய்ஸ் அள்ளிக்கொண்ட பிறகு, சொல்லைக் குறைத்துக்கொண்டே போவது ஒன்றுதான் தமக்கு மிச்சம் என்பது அவர் முடிவு. 1953இல் பாரிசில் அரங்கேறிய ‘கோடோவுக்காகக் காத்திருத்தல்’ நாடகத்தில் ஒரு மரத்தடியில் இரண்டு நாடோடிகள் யாருக்காகவோ காத்திருக்கிறார்கள், அவர் வரவில்லை. அவ்வளவுதான் கதை. ஆனால் அவ்விருவரும் நேரம் போக்கச் சண்டையிட்டுச் சமாதானமாகும் பேச்சில், பிரெஞ்சில் எழுதினாலும், டப்ளின் மதுக்கடையின் வாய்ப்பேச்சு கேட்கிறது.

ஐரிஷ் மொழியிலேயே எழுதியவர்கள் இல்லாமற்போகவில்லை. மார்ட்டின் ஓ கைன் 1949இல் வெளியிட்ட ‘கல்லறை மண்’ நாவலில் பாத்திரங்கள் அனைவரும் செத்தவர்கள். புதைகுழிக்குள் கிடந்தபடி புதிதாக வருபவரிடம் ஊர்வம்பு கேட்டு, பழைய பகையைத் தொடர்ந்து, யாருக்கு எவ்வளவு விலையில் கல்லறை கிடைத்தது என்று பொறாமைப்படுகிறார்கள். நாவல் முழுதும் பேச்சு மட்டுமே. இதன் ஆங்கில மொழிபெயர்ப்பு நூலாக வெளிவர 2015 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

வட அயர்லாந்தின் ஆறு மாவட்டங்கள் பிரிட்டனோடு தங்கிவிட்டதால் பழைய வழக்கு அங்கே ரத்தக்களரியாகத் தொடர்ந்தது. டெர்ரி மாவட்ட விவசாயக் குடும்பத்தில் 1939இல் பிறந்த சேமஸ் ஹீனி அந்த மண்ணின் கவிஞர். வன்முறை உச்சத்திலிருந்த 1972இல் அவர் தெற்கே குடிபெயர்ந்தார். சமகால பிரிட்டிஷ் கவிதைத் தொகுப்பு ஒன்றில் தம்மைச் சேர்த்ததற்கு 1983இல் மறுப்புத் தெரிவித்து, தம் கடவுச்சீட்டின் நிறம் அயர்லாந்தின் பச்சை என்று செய்யுளிலேயே பதில் எழுதினார். அவரைப் படிக்கத் தொடங்க ஏற்றது, நான்கு வயதில் கார் மோதி இறந்த தம்பியைப் பற்றிய சிறு கவிதை. விடுதிப் பள்ளியிலிருந்து வீட்டுக்கு வரும் மூத்த பையனிடம் முதியவர்கள் எழுந்து நின்று கைகுலுக்குவது அவனுக்குக் கூச்சமாக இருக்கிறது. சவப்பெட்டி நான்கடி நீளம், வயதுக்கு ஓரடி என்று அவன் அளப்பதோடு கவிதை நின்றுவிடுகிறது. 1995இல் ஹீனிக்கு நோபல் பரிசு கிடைத்தது; யேட்ஸ், ஷா, பெக்கெட் ஆகியோருக்குப் பின் இலக்கியத்துக்காக அதைப் பெற்ற நான்காவது அயர்லாந்துக்காரர் அவர்.

இன்றைய எழுத்தாளர்கள் பலர் நாட்டிலேயே இருந்து எழுதுகிறார்கள். கிளேர் கீகன் 2021இல் எழுதிய ‘இதுபோன்ற சிறிய விஷயங்கள்’ குறுநாவலில், 1985ஆம் ஆண்டுக் கிறிஸ்துமஸ் காலத்தில் நிலக்கரி வியாபாரி ஒருவர் கன்னிமாடத்துக்குச் சரக்கு இறக்கப் போய், கரிக்கொட்டகைக்குள் பூட்டப்பட்ட ஒரு பெண்ணைக் காண்கிறார். திருமணமாகாத தாய்மார்களை அடைத்துவைத்து வேலைவாங்கிய சலவைக்கூடங்கள் பற்றிய கதை இது. அவற்றில் கடைசியானது மூடப்பட்டது 1996இல்தான்.

தொடக்க வாசகர் இந்தக் குறுநாவலையும் சிங்கின் ஓரங்க நாடகத்தையும் முதலில் படித்துவிட்டு ‘டப்ளின்வாசிகள்’ தொகுப்புக்கு வரலாம். ஜாய்ஸின் ‘யுலிசிஸ்’ நாவலைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை, ஆனால் முதல் பக்கத்திலிருந்துதான் தொடங்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. 1904 ஜூன் 16ஆம் நாள் காலையில் லியோபோல்ட் புளூம் பூனைக்குப் பால் ஊற்றி, கடைக்குப் போய்ப் பன்றிச் சிறுநீரகம் வாங்கி வந்து, மாடியில் மனைவியோடு பேசிக்கொண்டிருந்ததில் அதை அடுப்பில் தீயவிடும் நான்காம் அத்தியாயத்தில் நுழைவது எளிது. அறிவின் சுமையோடு பேசும் இளைஞன் ஸ்டீஃபனின் முதல் மூன்று அத்தியாயங்களுக்குப் புளூமோடு பழகிய பிறகு திரும்பி வரலாம்.